பாடத் தெரிந்த நடிகைக்குப் படம் எங்கே? லுத்மிலா குர்ச்சென்கோவின் ஐம்பத்தைந்து ஆண்டுகள்

1956 டிசம்பர் கடைசி வாரத்தில் மாஸ்கோவில் ‘கார்னிவல் இரவு’ என்ற இசை நகைச்சுவைப் படம் வெளியானது. இயக்குநர் எல்தார் ரியாசானவுக்கு அதுதான் முதல் கதைப்படம். கதாநாயகி லுத்மிலா குர்ச்சென்கோ திரைப்படக் கல்லூரி மாணவி, வயது 21. படம் சோவியத் திரையரங்குகளில் 4 கோடியே 86 லட்சம் பார்வையாளர்களைப் பெற்று அந்த ஆண்டின் முதலிடத்தைப் பிடித்தது. படத்தில் அவர் பாடும் புத்தாண்டுப் பாட்டு இன்றும் ஒவ்வொரு டிசம்பர் 31 இரவும் ரஷ்யத் தொலைக்காட்சியில் ஒலிக்கிறது.

இதே நடிகையை விமர்சகர்கள் தலைநிமிர்ந்து பார்த்தது 1974-இல். இடையில் 17 ஆண்டுகள் ஓடிவிட்டன. நாடே அறிந்த முகத்துக்கு, பாட்டும் ஆட்டமும் நடிப்பும் ஒருசேர வாய்த்த ஒருவருக்கு, இத்தனை நீண்ட வறட்சி ஏன் வந்தது? வந்தபின் எப்படி மீண்டார்? குர்ச்சென்கோவைப் பற்றி ரஷ்யாவில் எழுதப்பட்டதில் பெரும்பகுதி முதல் கேள்வியோடு நின்றுவிடுகிறது. அதற்குச் சொல்லப்படும் விடைகளும் பெரும்பாலும் அரசியல் விடைகள். அவற்றை மறுக்க முடியாது. ஆனால் அவை போதாது என்பது என் எண்ணம். சோவியத் சினிமா எப்படி இயங்கியது, யாருக்காகப் படம் எடுத்தது என்பதைப் பார்க்காமல் இந்த வாழ்க்கை புரியாது.

குர்ச்சென்கோ 1935 நவம்பர் 12 அன்று உக்ரைனின் கார்கிவ் நகரில் பிறந்தார். அப்பா மார்க் பயான் என்ற பொத்தான் அக்கார்டியன் வாசிப்பவர். விழாக்களிலும் கேளிக்கை நிகழ்ச்சிகளிலும் வாசித்துப் பிழைத்தார். மகள் நடக்கப் பழகிய நாளிலிருந்தே விருந்தாளிகள் முன்னால் பாடவும் ஆடவும் வைத்தார். 1941 அக்டோபரில் ஜெர்மன் படை நகரைப் பிடித்தது. அப்பா போர்முனைக்குப் போயிருந்தார். தாயும் ஆறு வயதுகூட நிரம்பாத மகளும் ஆக்கிரமிப்புக்குள் மாட்டிக்கொண்டார்கள். பசியும், சந்தைத் திடலில் மக்கள் கண்முன்னே நடந்த தூக்குத் தண்டனைகளும், மிச்சம் மீதி உணவுக்காக ஜெர்மன் சிப்பாய்களின் முன்னால் அவர்கள் மொழிப் பாட்டையே பாடிக் காட்டியதும் அவருடைய நினைவு நூலில் வருகின்றன. 1982-இல் நூலாக வந்த அந்த முதல் புத்தகம் ‘வயதுக்கு மூத்த என் பால்யம்’. ஒரு நடிகையின் நூல் என்று எடுத்தவர்கள் போர்க்காலக் குழந்தைமை பற்றிய அருமையான சாட்சியம் ஒன்றைப் படித்து முடித்தார்கள். பாட்டு அவருக்கு அலங்காரமாக வந்ததில்லை. உயிரோடு இருப்பதற்கான வழியாக வந்தது. திரையில் அவர் சிரித்துக்கொண்டே பாடும்போது தெரியும் அந்த இறுக்கமான வேகத்துக்கு வேறு விளக்கம் எனக்குத் தோன்றவில்லை.

1953-இல் மாஸ்கோ திரைப்படக் கல்லூரியில் செர்கெய் கெராசிமவ், தமாரா மகாரவா தம்பதியின் வகுப்பில் சேர்ந்தார். ‘கார்னிவல் இரவு’ கிடைத்தது அதிர்ஷ்டத்தால். முதல் சோதனைப் படப்பிடிப்பில் அவர் தேறவில்லை. மாஸ்ஃபிலிம் ஸ்டுடியோவின் தலைவர் இவான் பிரியெவ் தாழ்வாரத்தில் எதிரே வந்த மாணவியைப் பார்த்து நிறுத்தி, மறுபடி படம்பிடிக்கச் சொன்னார். கறுப்பு உடை, வெள்ளை மென்மயிர்க் கைப்போர்வை, கையளவு இடை. ஆண்டு பிறக்க இன்னும் சில நிமிடங்களே உள்ளன என்று கடிகாரத்தின் முன்னால் பாடும் பெண். 1956 பிப்ரவரியில் கட்சியின் இருபதாவது காங்கிரஸ் ஸ்டாலினைக் கண்டித்த ஆண்டின் முடிவில், கலை மன்றத்து இளைஞர்கள் ஓர் அதிகாரியின் சலிப்பூட்டும் விழாத் திட்டத்தைக் கவிழ்ப்பதாக வந்த கதை அது. மக்களுக்கு அது எவ்வளவு மூச்சு விட்டதுபோல இருந்திருக்கும் என்று ஊகிக்கலாம்.

பிறகுதான் சரிவு. இங்கே மூன்று விளக்கங்கள் உலவுகின்றன.

முதலாவது குர்ச்சென்கோவே பேட்டிகளில் சொன்னது. 1957 மாஸ்கோ உலக இளைஞர் விழாவின்போது வெளிநாட்டினரைக் கண்காணித்துத் தகவல் தரும்படி பாதுகாப்பு அமைப்பின் சார்பில் கேட்டார்கள், அவர் மறுத்தார், அதற்குப் பழிவாங்கப்பட்டார். இரண்டாவது, பத்திரிகைத் தாக்குதல். கணக்கில் வராத மேடைக் கச்சேரிகளில் பாடிப் பணம் வாங்குகிறார் என்று 1957-இல் ‘கம்சமோல்ஸ்கயா பிராவ்தா’ ஒரு கிண்டல் கட்டுரையில் அவரைக் கடுமையாகச் சாடியது. நடிகர்களின் அரசுச் சம்பளம் அற்பமாக இருந்த காலம். மேடையில் பாடித்தான் பலரும் பிழைத்தார்கள். ஆனால் அடி விழுந்தது புகழின் உச்சியில் இருந்த மாணவிமேல். மூன்றாவது விளக்கம் எளியது: ஒரே படத்தின் பிம்பம் அவர்மேல் ஒட்டிக்கொண்டது.

முதல் இரண்டும் காயப்படுத்தியிருக்கும் என்பதில் ஐயமில்லை. ஆனால் வேடப் பட்டியலை எடுத்து வைத்தால் ஒரு சிக்கல் வருகிறது. அவர் முழுத் தடையில் இல்லை. 1958-இல் ‘கிதாருடன் ஒரு பெண்’ படத்தில் கதாநாயகி. 1960-இல் லெனின்கிராட் முற்றுகை பற்றிய ‘பால்டிக் வானம்’. 1961-இல் பனாஸ் மிர்னியின் உக்ரைன் நாவலைத் தழுவிய படத்தில், ஊரும் நகரமும் சேர்ந்து சீரழிக்கும் கிரிஸ்தியா என்ற கிராமத்துப் பெண்ணாக முதன்மை வேடம். 1965-இல் வேரா பனோவாவின் திரைக்கதையில் விளாதிமிர் வெங்கெரவ் எடுத்த ‘தொழிலாளர் குடியிருப்பு’. போரில் கண்ணிழந்து குடியில் விழுந்தவனின் மனைவி மரியாவாக அதில் அவர் நடித்ததை இன்று பார்க்கிற எவரும், பின்னாளில் புகழப்பட்ட அத்தனையும் அங்கேயே இருப்பதைக் கண்டுகொள்வார்கள். வேடம் கிடைத்தது, நன்றாகவும் செய்தார், யார் கண்ணிலும் படவில்லை. தண்டனை என்ற சொல் இந்த நிலையை விளக்காது. பார்வையாளரும் விமர்சகரும் ஸ்டுடியோக்களின் கலைக் குழுக்களும் பாடும் பெண்ணை மட்டுமே பார்க்கப் பழகியிருந்தார்கள். அவள் பாடாதபோது அவளை அவர்களுக்கு அடையாளம் தெரியவில்லை.

சரி, பாடும் பெண்ணாகவே இருந்திருக்கலாமே? இங்கேதான் தொழிலின் அமைப்பு குறுக்கே வருகிறது. முப்பதுகளிலும் நாற்பதுகளிலும் சோவியத் இசைப்படங்களை ஆண்டவர்கள் இரண்டு நடிகைகள்: லியுபோவ் அர்லோவா, மரீனா லாதினினா. அர்லோவாவுக்குக் கணவர் கிரிகோரி அலெக்ஸாந்த்ரவ் படம் எடுத்தார். ‘சர்க்கஸ்’, ‘வோல்கா வோல்கா’ எல்லாம் அவருக்காகவே எழுதப்பட்டவை. லாதினினாவின் கணவர்தான் குர்ச்சென்கோவைத் தாழ்வாரத்தில் கண்டெடுத்த அதே பிரியெவ். ஐம்பதுகளின் நடுவில் அந்த மணவாழ்க்கை முறிந்ததும் லாதினினாவின் திரைவாழ்வும் முடிந்தது. 2003 வரை வாழ்ந்த அவர் அதற்குப்பின் திரையில் வரவே இல்லை. இசைப்படம் அந்நாட்டில் ஸ்டுடியோவின் வகைமையாக வேர் பிடிக்கவில்லை; ஒவ்வோர் இயக்குநரின் சொந்தத் தோட்டமாகவே இருந்தது. ஹாலிவுட்டில் எம்.ஜி.எம். ஆண்டு தவறாமல் இசைப்படம் தயாரித்ததைப்போல மாஸ்ஃபிலிமில் ஒரு பிரிவு கிடையாது. குர்ச்சென்கோவுக்கு அப்படியோர் இயக்குநர் இல்லை. அவரை அறிமுகம் செய்த ரியாசானவ் 1961-இல் ஒரு சிறு வேடம் கொடுத்ததோடு சரி. அவர் படத்தில் அடுத்த முதன்மை வேடத்துக்கு, ‘கார்னிவல் இரவி’லிருந்து எண்ணினால், 26 ஆண்டுகள் ஆயின.

காலத்தின் ரசனையும் எதிராக இருந்தது. 1956, 57-இல் கண்திறந்த சோவியத் சினிமா தேடிய முகம் வேறு. ‘நாற்பத்தியொன்றாவது’ படத்தின் இசோல்தா இஸ்வித்ஸ்கயா, ‘கொக்குகள் பறக்கின்றன’ படத்தின் தத்யானா சமோய்லவா போன்றோர் கான் திரைப்பட விழாவிலும் கொண்டாடப்பட்டார்கள். ஆனால் அவர்களுக்கும் நேர்ந்தது என்ன? இஸ்வித்ஸ்கயா அதற்கு நிகரான வேடம் மறுபடி கிடைக்காமல், குடியில் கரைந்து 1971-இல் 38 வயதில் இறந்தார். சமோய்லவாவுக்கு 1967-இன் ‘அன்னா கரேனினா’ வந்தது. பிறகு நீண்ட மௌனம். ஆக, ஒரே படத்தில் சிகரம் தொட்டு, அதன்பின் என்ன செய்வதென்று தெரியாமல் தொழில் கைவிட்ட நடிகைகள் ஒரு தலைமுறையே இருந்தார்கள். 1951-இல் நாடு முழுவதும் பத்துக்கும் குறைவான படங்களே எடுத்த தொழில் சில ஆண்டுகளில் நூறைத் தொட்டது. புதுமுகங்களை அள்ளி எடுத்த வேகத்தில் அவர்களை வளர்க்கும் ஏற்பாடு எதையும் அது செய்துகொள்ளவில்லை. குர்ச்சென்கோவை இந்தக் கூட்டத்தில் வைத்துப் பார்க்கும்போது கேள்வி தலைகீழாகிறது. அவர் ஏன் வீழ்ந்தார் என்பதைவிட, மற்றவர்கள் எழாதபோது அவர் மட்டும் எப்படி எழுந்தார் என்பதுதான் ஆராயத் தக்கது.

எழுந்தது லெனின்கிராட்டில், லென்ஃபிலிம் ஸ்டுடியோவில். விக்தர் திரெகூபவிச் 1973-இல் ‘பழைய சுவர்கள்’ எடுத்தார். நெசவு ஆலையொன்றின் இயக்குநராக இருக்கும் நடுவயதுப் பெண் அன்னா கியார்கியெவ்னாவின் கதை. கார்னிவல் பெண்ணுக்கு ஆலை நிர்வாகி வேடமா என்ற தயக்கம் எழாமல் இல்லை. தலைமுடியை இழுத்து முடிந்து, இருண்ட நிறக் கோட்டுக்குள் தன்னை அடைத்துக்கொண்டு, ஆயிரக்கணக்கான பெண்களின் சிக்கல்களைக் கேட்டுக் கேட்டுக் குரல் தணிந்துபோன ஒருத்தியாக வந்தார். உடம்பில் ஆட்டம் தெரியவில்லை. தாளம் மட்டும் இருந்தது. அன்னா ஒரு கூட்டத்தில் நுழையும் நடையும், பதில் சொல்லுமுன் விடும் இடைவெளியும் இசையறிந்தவரின் அளவுகள். படத்துக்காக 1976-இல் ரஷ்யக் குடியரசின் அரசுப் பரிசு கிடைத்தது. அவருக்கு வயது நாற்பதைத் தாண்டியிருந்தது. கதாநாயகிகளுக்கு வாசல் மூடும் வயதில் அவருக்குத் திறந்தது.

பிறகு வந்தது ஒரு பெருக்கு. அலெக்ஸெய் கெர்மான் 1976-இல் கன்ஸ்தந்தீன் சீமனவின் கதையிலிருந்து ‘போரில்லாத இருபது நாட்கள்’ எடுத்தபோது, ஸ்தாலின்கிராட்டிலிருந்து தாஷ்கண்டுக்கு விடுப்பில் வரும் போர் நிருபராக சர்க்கஸ் கோமாளி யூரி நிகூலினையும், அவர் சந்திக்கும் நினாவாக குர்ச்சென்கோவையும் தேர்ந்தார். நிகூலினை ஏற்க அதிகாரிகள் தயங்கினார்கள், சீமனவ்தான் துணைநின்றார். வேடிக்கைக் கலையில் பெயர்பெற்ற இருவரை வைத்துச் சோவியத் சினிமாவின் மிகக் கண்டிப்பான போர்ப்படங்களில் ஒன்று உருவானது. ஒப்பனை இல்லாமல், அழகு காட்டாமல், ஒரு காதலைப் பாதி வாக்கியங்களில் நடத்தி முடிக்கும் அந்த வேடத்தில் கார்கிவின் குழந்தை இருந்திருக்கிறாள் என்றே நம்புகிறேன். அதே ஆண்டு சோவியத்-ருமேனிய இசைப்படமான ‘அம்மா’வில் ஆடாக நடித்தபோது பனிச்சறுக்குக் காட்சியில் விழுந்து கால் எலும்பு நொறுங்கியது. ஆடுவதே தொழிலான ஒருவருக்கு அது முடிவாகியிருக்கலாம். அவர் அந்தப் படத்தையும் முடித்தார். அதற்குப்பின் முப்பது ஆண்டுகளுக்கு மேல் மேடையில் ஆடினார்.

‘ஐந்து மாலைகள்’ பற்றிக் கொஞ்சம் நின்று பேச வேண்டும். நிகிதா மிகல்கோவ் ‘ஒப்லோமவ்’ படப்பிடிப்பின் பருவ இடைவெளியில், ஒரு மாதம்கூட ஆகாமல் 1978-இல் எடுத்த படம். அலெக்ஸாந்தர் வலோதினின் நாடகம். போருக்கு முன்னால் காதலித்த இல்யின் பல ஆண்டுகள் கழித்துத் திரும்பி வருகிறான்; தமாரா ஆலையில் மேற்பார்வையாளர், அக்கா மகனை வளர்த்தவள், தனிமை பழகிவிட்டவள். தொடக்கத்தில் குர்ச்சென்கோ பேசுவதைக் கவனியுங்கள்: வாக்கியங்கள் அறிக்கை வாசிப்பதுபோல விறைப்பாக வரும். வாழ்க்கை நன்றாகவே இருக்கிறது, வேலை சுவாரசியம், புகார் ஒன்றுமில்லை என்று அவள் சொல்லும்போது முகவாய் சற்றே உயர்ந்திருக்கும். மாலை ஒவ்வொன்றாகக் கழியக் கழிய அந்தக் குரலில் சுருதி இறங்குகிறது. கடைசிக் காட்சியில், பழுப்பேறிய கறுப்பு-வெள்ளைப் படத்துக்குள் நிறம் மெல்லக் கசிந்துவர, தமாரா தாழ்ந்த குரலில், பாதி அவனிடமும் பாதி தனக்குத்தானேயும் பேசிக்கொண்டே போகிறாள். பேச்சு போர் மட்டும் வந்துவிடக் கூடாதே என்ற வேண்டுதலில் போய் நிற்கிறது. பாட்டில்லை, இசைக்கருவி இல்லை. ஆனாலும் அது ஒரு தாலாட்டின் அசைவில்தான் நகர்கிறது. நடிப்பில் பாடகி என்ன செய்ய முடியும் என்பதற்கு இதைவிட நல்ல சான்றை நான் கண்டதில்லை.

இதே 1978-இல்தான் தொலைக்காட்சியில் எவ்கேனி கின்ஸ்புர்க் இயக்கிய ‘குர்ச்சென்கோவின் பெனிஃபிஸ்’ ஒளிபரப்பானது. ஒரு கலைஞருக்காகவே ஒரு முழு நிகழ்ச்சி. வேடம் மாற்றி வேடம், பாட்டு மாற்றிப் பாட்டு, பகட்டும் வேகமும். தமாராவையும் இந்த மின்னும் பெண்ணையும் ஒரே ஆண்டில் ஒரே ஆள் செய்தார் என்பதைத் திரைவரலாறுகள் போதிய அளவு எண்ணிப் பார்க்கவில்லை. சினிமாவின் வரலாற்றை எழுதுபவர்கள் தொலைக்காட்சியை அடிக்குறிப்பில் தள்ளுவது உலகெங்கும் உள்ள வழக்கம். குர்ச்சென்கோ விஷயத்தில் அது பெரிய பிழை. திரையரங்குச் சினிமா கைவிட்ட இசைப்படத்தைச் சோவியத்தில் எழுபதுகளில் தத்தெடுத்தது மத்தியத் தொலைக்காட்சிதான். லியனீத் குவினிகிட்ஸே இயக்கிய ‘வைக்கோல் தொப்பி’ (1974), ‘வானத்துத் தகைவிலான்கள்’ (1976) இரண்டும் தொலைக்காட்சிக்காக லென்ஃபிலிமில் எடுக்கப்பட்டவை. இரண்டிலும் ஆந்திரெய் மீரனவுடன் குர்ச்சென்கோ. ஐம்பதுகளில் அவருக்கு இல்லாமல்போன அந்தத் தோட்டத்தைத் தொலைக்காட்சி போட்டுக் கொடுத்தது. பாடும் பெண் அங்கே குடியேறியபின் சினிமாவில் பாடாத பெண்ணாக அவர் நடிக்க முடிந்தது. ஒன்று மற்றொன்றை அழிக்கவில்லை. எண்பதுகளின் தொடக்கத்தில் போர்க்காலப் பாடல்களைத் தன் தலைமுறைக் குரலில் தொலைக்காட்சியில் பாடியபோது இரு பெண்களும் ஒன்றாகச் சேர்ந்தார்கள்.

எண்பதுகளின் முதல் பாதி அறுவடைக் காலம். படங்களின் பெயரை வேகமாகவே சொல்லிவிடலாம். கொன்சலோவ்ஸ்கியின் ‘சைபீரியாட்’ (1979) கானில் பெரும் நடுவர் பரிசு பெற்றது. பியோதர் தொதரோவ்ஸ்கியின் ‘மெக்கானிக் கவ்ரீலவின் காதலி’யில் (1981) பதிவு அலுவலக வாசலில் ஒரு பகல் முழுக்க மணமகனுக்காகக் காத்திருப்பாள். பலயானின் ‘கனவிலும் நனவிலும் பறத்தல்’. மென்ஷவின் ‘காதலும் புறாக்களும்’ படத்தில் கிராமத்தானை மயக்கும் நகரத்து ரயிசா ஸகாரவ்னா, ரஷ்யர்கள் அந்த வேடத்தின் வசனங்களை இன்றும் சொல்லிச் சிரிக்கிறார்கள். சோவியத் மக்கள் கலைஞர் பட்டம் 1983-இல் வந்தது.

ஆனால் இவற்றின் நடுவே ‘இருவருக்கான ரயில் நிலையம்’ நிற்கிறது. ரியாசானவ் திரும்பி வந்தார். சிற்றூர் ரயில் நிலைய உணவகத்தில் பரிமாறும் வேரா. ரயிலைத் தவறவிட்ட பியானோ கலைஞர் பிளாதனாக அலேக் பஸிலஷ்விலி. வேராவின் முதல் காட்சிகளில் குர்ச்சென்கோ தட்டுகளை வைக்கும் ஓசையிலேயே ஒரு குணம் தெரியும். பல ஆண்டுகள் நின்றே வேலை செய்த கால்கள் அவை. முடிவில், கைதியாகிவிட்ட பிளாதன் சைபீரியச் சிறை முகாமின் காலை எண்ணிக்கைக்குள் போய்ச் சேரவேண்டும், இல்லையென்றால் தப்பியோடியவன் ஆகிவிடுவான். உறைபனியில் வேரா அவனை இழுக்கிறாள், தள்ளுகிறாள், திட்டுகிறாள், அவனோடு விழுகிறாள். முகாம் கண்ணுக்குத் தெரியும் தொலைவில் இருவருக்கும் சக்தி தீர்ந்துபோக, வந்துவிட்டோம் என்று தெரிவிக்க அக்கார்டியனை வாசிக்கச் சொல்கிறாள். பனியில் முதுகோடு முதுகு சாய்ந்து அவன் வாசிக்கும்போது அவள் முகத்தில் சிரிப்பா அழுகையா என்று பிரிக்க முடியாத ஒன்று ஓடுகிறது. 3 கோடியே 58 லட்சம் பேர் திரையரங்கில் பார்த்தார்கள்; படம் 1983 கான் போட்டியில் இடம்பெற்றது; ‘சோவியத் திரை’ இதழின் வாசகர்கள் அவரை அந்த ஆண்டின் சிறந்த நடிகையாகத் தேர்ந்தார்கள். ‘கார்னிவல் இரவு’ பார்த்து வளர்ந்தவர்கள் இப்போது அவருடைய வயதில் இருந்தார்கள். நடிகையோடு பார்வையாளரும் சேர்ந்து மூத்திருந்தது அந்தப் படத்தின் வெற்றிக்கு ஒரு முக்கியக் காரணம்.

சோவியத் ஒன்றியம் கலைந்ததும் திரைத் தொழில் நொறுங்கியது. தொண்ணூறுகளில் நல்ல வேடங்கள் அரிதாயின. 1993-இல் மிகயீல் ஷ்வெய்த்ஸர் எடுத்த படத்தில், ஃபெல்லினியைக் கற்பனையில் முன்னிறுத்தித் தன் வாழ்க்கையைச் சொல்லும் நடிகையாக ஏறத்தாழத் தனியாகவே திரையைத் தாங்கினார். 2000-இல் ரியாசானவின் ‘கிழட்டுக் குதிரைகள்’. மற்றபடி இக்காலத்து ரஷ்யர்கள் அவரைப் பார்த்தது தொலைக்காட்சியின் புத்தாண்டு நிகழ்ச்சிகளில், இறகும் மினுக்கும் சேர்ந்த உடைகளில். முக அறுவைச் சிகிச்சைகள் பற்றியும் வயதை மறைப்பது பற்றியும் எழுதிய பத்திரிகைகள் அவரைக் கேலிப்பொருளாக்கப் பார்த்தன. இது எனக்கு வருத்தம் தருகிறது. இருபது வயதில் இடையளவுக்காகவும் எழுபதில் முகத்துக்காகவும் அளக்கப்பட்ட அதே பெண், நாற்பதில் ஒப்பனையே இல்லாமல் கெர்மானின் காமெராவுக்கு முகம் கொடுத்தவர் என்பதை அந்தப் பத்திரிகைகள் நினைவில் வைத்திருக்கவில்லை. 2010-இல் ராக் பாடகி ஸெம்ஃபீராவின் பாட்டொன்றைத் தொலைக்காட்சியில் பாடினார். பேரப்பிள்ளை வயதுக்காரர்கள் அதைத் தேடித் தேடிப் பார்த்தார்கள்.

2009-இல், 73 வயதில், ‘பலவண்ண அந்திகள்’ என்ற படத்தை திமித்ரி கரோப்கினுடன் சேர்ந்து இயக்கினார். பார்வையற்ற இளம் பியானோ கலைஞன் ஒருவனைப் பற்றிய கதை. இசையும் அவரே அமைத்தார், நடிக்கவும் செய்தார். அரை நூற்றாண்டுக்கு முன்னால் யாரும் அவருக்காக எடுக்க முன்வராத இசைப்படத்தைக் கடைசியில் அவரே எடுத்துக்கொண்டார். படம் குறைகள் உள்ளது. கதை தளர்வானது, உணர்ச்சி சில இடங்களில் மிகை. 2011 பிப்ரவரியில் வீட்டருகே விழுந்து இடுப்பெலும்பு முறிந்தது. மார்ச் 30 அன்று மாஸ்கோவில் இறந்தார். நோவதேவிச்சி கல்லறையில் அடக்கம் செய்யப்பட்டார். இதுவரை அவரைப் பற்றி எழுதியவர்கள் ‘கார்னிவல் இரவு’, ‘இருவருக்கான ரயில் நிலையம்’ என்ற இரு படங்களுக்கு இடையே கோடு இழுத்து நிறுத்திக்கொள்கிறார்கள். ‘தொழிலாளர் குடியிருப்பு’ மரியாவையும், குவினிகிட்ஸேயின் தொலைக்காட்சிப் படங்களையும், கின்ஸ்புர்க்கின் நிகழ்ச்சியையும் அந்தக் கோட்டின்மேல் வைத்து மறுபடி பார்க்கும் வேலை மீதமிருக்கிறது.